சுத்தம் செய்கையில் வெடித்த துப்பாக்கி

துப்பாக்கியைச் சுத்தம் செய்துகொண்டிருக்கையில் அது தற்செயலாக வெடித்துவிட்டது என்னும் செய்தி நமது தேசத்துப் பத்திரிகை வாசகர்களுக்குப் புதியதன்று. 2024-ஆம் வருஷம் அக்டோபர் மாதம் 1-ஆம் தேதி அதிகாலையில், ஹிந்தி சினிமா நடிகர் கோவிந்தா பம்பாயிலுள்ள தமது இல்லத்தில் லைஸென்ஸ் பெற்ற ரிவால்வரை எடுத்து வைக்கும்போது, அது கை தவறி வெடித்துக் காலில் குண்டு பாய்ந்ததாகச் சொல்லப்பட்டது. அவர் பிழைத்தார். 2025-ஆம் வருஷம் ஜனவரி மாதம் லூதியானா நகரின் சட்டசபை அங்கத்தினர் குர்பிரீத் கோகி தமது கைத்துப்பாக்கியைச் சுத்தம் செய்கையில் குண்டு பாய்ந்ததாகச் செய்தி வந்தது. அவர் பிழைக்கவில்லை. இவர்கள் பிரபலஸ்தர்களாகையால் இவர்களுடைய பெயர்கள் முதல் பக்கத்தில் அச்சாயின. போலீஸ் லயன்களிலும், பாங்கி வாசல்களிலும், கிராமத்துப் பெரிய வீடுகளிலும் இவ்வாறு அடிபட்டவர்களின் பெயர்கள் நான்கு வரிச் செய்தியோடு மறைந்துபோகின்றன.

காயமுற்றவர்களையும் இறந்தவர்களையும் குற்றஞ்சாட்டுவது நமது நோக்கமன்று. அவ்விரண்டு வீடுகளிலும் உண்மையில் நடந்தது என்னவென்று தீர்ப்புச் சொல்லவும் நாம் முன்வரவில்லை. ஆனால் "சுத்தம் செய்கையில் வெடித்தது" என்று பொதுவாக நாம் வழங்கும் சொற்றொடரைப்பற்றி நமக்குப் பெரிய ஆட்சேபம் உண்டு. இடி விழுந்தது, பாம்பு கடித்தது என்று சொல்வதைப்போல் இதையும் சொல்லிவிட்டு, யாரும் யாதொன்றும் செய்திருக்க முடியாதென்ற பாவனையில் அடுத்த செய்திக்குப் போய்விடுகிறோம். சுத்தம் செய்வதற்குரிய நிலையிலுள்ள துப்பாக்கியில் தோட்டா இருப்பதில்லை. தோட்டா இல்லாத துப்பாக்கி வெடிப்பதுமில்லை. ஆகவே, வெடித்த துப்பாக்கி எதுவாயினும், அதைச் சுத்தம் செய்யும் வேலை இன்னும் ஆரம்பமாகவில்லை என்பதே உண்மை. அதற்கு முன் செய்யவேண்டிய ஒரு வேலை, தோட்டாவை இறக்கும் வேலை, செய்யப்படாமல் போயிற்று. அல்லது முறை தவறிச் செய்யப்பட்டது.

முறை தவறுதல் என்றால் என்னவென்பதைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். விபத்துக்களில் பெரும்பகுதிக்கு வேர் இங்கேதான் இருக்கிறது. பிஸ்டல் என்னும் தானியங்கிக் கைத்துப்பாக்கியில் தோட்டாக்கள் இரண்டு இடங்களில் இருக்கக்கூடும். கைப்பிடிக்குள் செருகியிருக்கும் மாகஸினில் பல. குழலின் பின்முனையிலுள்ள அறையில் ஒன்று. மேலேயுள்ள ஸ்லைடைப் பின்னுக்கு இழுத்தால் அறையிலிருக்கும் தோட்டா வெளியே தெறிக்கும். விட்டால் அது முன்னே பாய்ந்து, மாகஸினிலிருந்து வேறொரு தோட்டாவை அறைக்குள் ஏற்றிவிடும். இயந்திரம் தன் கடமையைச் செய்கிறது. இப்போது அவசரக்காரர் ஒருவர் முதலில் ஸ்லைடை இழுத்து, தோட்டா வெளியே விழுவதைக் கண்டு திருப்தியடைந்து, பிறகு மாகஸினை உருவுகிறார். இரண்டு காரியங்களையும் செய்துவிட்டார், ஒன்றையும் விடவில்லை. ஆனால் அறைக்குள் ஒரு தோட்டா உட்கார்ந்திருக்கிறது. முதலில் மாகஸினை உருவி, பிறகு ஸ்லைடை இழுத்திருந்தால் அவர் உயிருக்கு அபாயமில்லை. அதே இரண்டு செய்கைகள்தாம், முன்பின்னாயின. தமக்கு எல்லாம் தெரியும் என்ற நிச்சயத்தோடு அவர் விசையை இழுக்கிறாராதலால், ஒன்றும் அறியாதவரைவிட அவருக்கே அபாயம் அதிகம்.

ஆகையால்தான் அனுபவசாலிகள் இத்துடன் நிற்பதில்லை. மாகஸினை முதலில் எடுத்து அப்பால் வைத்து, ஸ்லைடை இரண்டு மூன்று முறை இழுத்து, பிறகு அதைப் பின்னாலேயே நிறுத்தி, அறைக்குள் வெளிச்சத்தில் கண்ணால் பார்க்கிறார்கள். இருட்டானால் சுண்டுவிரலை நுழைத்துத் தடவிப் பார்க்கிறார்கள். இறக்கிய தோட்டாக்களை எண்ணி வேறோர் அறைக்கு அனுப்பிவிட்டுத்தான் எண்ணெய்ப் புட்டியைத் திறக்கிறார்கள். இடையில் டெலிபோன் மணி அடித்து எழுந்துபோய்த் திரும்பினால், முதலிலிருந்து மறுபடியும் பார்க்கிறார்கள். இதைக் கண்டு நகைப்பவர்கள் உண்டு. தாளிட்ட கதவைப் படுக்கப்போகுமுன் இன்னொரு முறை இழுத்துப் பார்க்கும் குடித்தனக்காரரைக் கண்டு யாரும் நகைப்பதில்லை.

ரிவால்வர் விஷயத்தில் இவ்வளவு சிக்கல் இல்லை. நமது சர்க்கார் தொழிற்சாலையில் கான்பூரில் உற்பத்தியாகிப் பொதுஜனங்களுக்கு விற்கப்படும் .32 ரிவால்வர் பழைய வெப்லி மாதிரியைப் பின்பற்றியது. தாழை அழுத்தினால் குழல் முன்பக்கம் மடிந்து, நட்சத்திர வடிவமுள்ள தள்ளுகருவி ஆறு தோட்டாக்களையும் ஒருங்கே உயர்த்தித் தள்ளிவிடும். உள்ளே இருப்பது என்ன என்பது வெட்டவெளிச்சமாகிறது. ஆயினும் மெள்ள மடிக்கும்போது ஒரு தோட்டாவின் விளிம்பு நட்சத்திரத்தின் அடியில் நழுவி அறையிலேயே தங்கிவிடக்கூடும். ஆறு அறைகளும் காலி என்று கண்ணால் கண்டாலொழிய வேலையை ஆரம்பிக்கலாகாது. கீழே விழுந்த ரிவால்வர் வெடிக்குமா என்று பலர் கேட்பதுண்டு. 1873-ஆம் வருஷத்துக் கோல்ட் ரிவால்வர் போன்ற பழைய அமைப்புக்களில் குதிரையின் மூக்கு தோட்டாவின் பொறிமருந்தை ஒட்டியே நின்றது. அதனால் அமெரிக்கர்கள் ஆறில் ஓர் அறையைக் காலியாக விட்டு, அதன்மேல் குதிரையை இறக்கி வைப்பதை வழக்கமாகக் கொண்டார்கள். ரூகர் கம்பெனியார் 1973-ஆம் வருஷத்தில் தங்கள் ரிவால்வர்களில் குதிரைக்கும் ஊசிக்கும் நடுவே ஓர் இரும்புப் பட்டையை அமைத்து, விசையை முழுதும் இழுத்தாலன்றி அடி பாயாதபடி செய்தனர். விஞ்ஞானம் இவ்வளவு முன்னேறிய பிறகும், 2017-ஆம் வருஷத்தில், அமெரிக்க ராணுவம் அப்போதுதான் தெரிந்தெடுத்திருந்த ஸிக் ஸாவர் பி320 பிஸ்டலின் பொது விற்பனை மாதிரி, சில கோணங்களில் கீழே விழுந்தால் வெடிக்கிறதென்று கண்டுபிடிக்கப்பட்டது. கம்பெனியார் விசை முதலிய உறுப்புக்களை மாற்றித்தர நேர்ந்தது. விற்பனைக்காரர் சொல்லும் வார்த்தையை வேதவாக்காகக் கொள்ளலாகாது என்பதற்கு இது போதும்.

இயந்திரத்தின் அமைப்பே மனிதனுடைய பழக்கத்தை நல்வழியிலோ தீயவழியிலோ திருப்புகிறது என்பதை நமது அதிகாரிகள் போதுமான அளவு கவனித்ததாகத் தெரியவில்லை. ஆஸ்திரிய தேசத்துக் குளாக் பிஸ்டல் 1982-ஆம் வருஷத்தில் அத்தேசத்து ராணுவத்தில் ஏற்கப்பட்டு, பிறகு உலகமெங்கும் போலீஸாரிடையே பரவியது. நமது தேசத்திலும் தேசீயப் பாதுகாப்புப் படை முதலியவை இதைக் கையாளுகின்றன. உறுதியும் எளிமையும் வாய்ந்தது. அதை நாம் குறை சொல்லவில்லை. ஆனால் ஸ்லைடைக் கழற்றுவதற்கு முன் அதன் விசையை ஒரு முறை இழுத்தாக வேண்டும். ஆயிரம் முறை காலி அறையின்மேல் இழுக்கும் விரல், ஆயிரத்தோராவது முறை அறையைப் பாராமலும் இழுத்துவிடும். இக்குறையைக் கண்டே ஸ்மித் அண்டு வெஸ்ஸன் கம்பெனியார் 2005-ஆம் வருஷத்தில் கொண்டுவந்த பிஸ்டலில், விசையைத் தொடாமலே கழற்றுவதற்கு உள்ளே ஒரு சிறு நெம்புகோலை அமைத்தார்கள்.

வங்காளத்து ஈசாப்பூர் தொழிற்சாலையில் உற்பத்தியாகும் நமது 9 மில்லிமீட்டர் பிஸ்டலின் கதை வேறு. ஜான் பிரௌனிங் ஆரம்பித்து, 1926-இல் அவர் காலமானபின் பெல்ஜியத்தில் ஸேவ் என்பவர் முடித்து, 1935-இல் வெளிவந்த பிஸ்டலின் வழியில் வந்தது அது. மாகஸினில் 13 தோட்டாக்கள் கொள்ளும். அதைக் கழற்றுவதற்கு விசையை இழுக்கத் தேவையில்லை. ஸ்லைடைப் பின்னுக்கு இழுத்துக் காப்புத்தாழை மேலே தள்ளி நிறுத்தி, வலப்பக்கமிருந்து குறுக்காணியை அழுத்தி இடப்பக்கம் உருவினால், ஸ்லைடு முன்பக்கமாகக் கழன்றுவிடும். பிறகு சுருள்வில்லும் குழலும் கைக்கு வரும். இதில் வேறொரு விசேஷம் உண்டு. மாகஸினை உருவிவிட்டால் விசை வேலை செய்யாது. இது ஒரு பாதுகாப்பு என்று ஏற்படுத்தப்பட்டது. ஆனால் மாகஸின் இல்லாவிட்டால் துப்பாக்கி வெடிக்காது என்ற நம்பிக்கையைக் கான்ஸ்டேபிளின் கையில் இருபது வருஷம் ஊட்டிவிட்டு, அதே கையில் அத்தகைய அமைப்பில்லாத குளாக்கைக் கொடுத்தால் என்ன ஆகும்? புதிய ஆயுதம் வாங்கும்போது பழைய பழக்கத்தை மாற்றவும் பணமும் நாளும் ஒதுக்க வேண்டும். பெட்டிகளைத் திறந்து பங்கிட்டுக் கொடுத்துவிட்டால் காரியம் முடிந்ததென்று நினைப்பது தவறு.

இனிச் சுத்தம் செய்தல். எவ்வளவு தூரம் கழற்றலாம் என்பதே முதற் கேள்வி. ஸ்லைடு, குழல், சுருள்வில், மாகஸின் என்ற நான்கு பகுதிகளாகப் பிரிப்பதோடு உடைமையாளர் நிற்க வேண்டும். விசைக்கும் குதிரைக்கும் நடுவேயுள்ள சிறு உறுப்புக்களைக் கழற்றுவதும், விசை இலேசாக இருக்கட்டுமென்று அவற்றின் முனையை அரத்தால் தேய்ப்பதும் உயிரோடு விளையாடுவதாகும். மயிரிழை தேய்ந்தாலும் குதிரை தானாக விழும். அது ஆர்மரருடைய வேலை; கடிகாரக்காரருடைய வேலையுமன்று, கொல்லருடைய வேலையுமன்று.

நமது கடற்கரைப் பிரதேசங்களில் துப்பாக்கிக்குப் பெரிய சத்துரு துருவே. பழைய காலத்துப் பொறிமருந்தில் பொட்டாஸியம் குளோரேட் இருந்தமையால், சுட்டபின் ஒருவித உப்பு குழலில் தங்கி ஈரத்தை உறிஞ்சிற்று. வெந்நீர் விட்டுக் கழுவினாலன்றி அது போகாது. தற்கால மருந்துகளில் இது பெரும்பாலும் நீங்கிவிட்டதாயினும் காற்றிலுள்ள உப்பு நீங்கவில்லை. ஆகவே சுட்டாலும் சுடாவிட்டாலும் மாதமொருமுறை பார்ப்பது நலம். குழலைப் பின்முனையிலிருந்து தூரிகையால் தேய்த்து, துணித்துண்டுகளை அவை வெளுப்பாக வரும்வரை செலுத்தி, மெல்லிய எண்ணெயைத் தடவினதும் தடவாததுமாக விட வேண்டும். எண்ணெய் அதிகமானால் புழுதியைச் சேர்க்கும். தோட்டாவின் பொறிமருந்தில் இறங்கி அதைச் செயலற்றதாக்கவும் கூடும். பூட்டுக்கும் கீலுக்கும் விடும் தேங்காயெண்ணெயையே துப்பாக்கிக்கும் விடுவோர் உளர். அது ஏறக்குறைய 24 டிகிரிக்குக் கீழே உறைவது. நாளடைவில் பிசுக்கேறிச் சிக்குவது. உதகமண்டலத்துக் குளிரில் அதன் பலன் என்னவாகுமென்று சொல்லவேண்டியதில்லை. தோலுறையிலேயே வைத்துப் பூட்டிவிடுவதும் கெடுதல். பதப்படுத்திய தோல் ஈரத்தை வாங்கித் தன்னகத்தே வைத்துக்கொண்டு இரும்பை அரிக்கும். சுடுவதற்கு முன் குழலில் துணித்துண்டோ கெட்டியான எண்ணெயோ தங்கியிருக்கிறதா என்று பார்க்காவிட்டால், குண்டு போக வழியின்றிக் குழல் பிளக்க நேரும். வேலை முடிந்ததும் கைகளைச் சோப்பிட்டுக் கழுவுவது அவசியம். கரியில் ஈயம் கலந்திருக்கிறது; அதே கையால் குழந்தைக்குச் சோறு ஊட்டலாகாது.

ஆயுதபூஜையன்று ஆயுதக் கிடங்குகளில் துப்பாக்கிகளைத் துடைத்து வரிசையாக வைத்துச் சந்தனமும் குங்குமமும் இடுவதை நாம் போற்றுகிறோம். குடகு நாட்டார் ஆண்டுதோறும் செப்டம்பர் மாதத்தில் கைல்போள்து என்னும் பண்டிகையில் ஆயுதங்களைச் சுத்தம் செய்து பூஜையில் வைக்கிறார்கள். ஆயுதத்துக்கு மரியாதை செய்யும் வழக்கமுள்ள ஜனங்களுக்கு அதன் முறைகளைக் கற்பிப்பது சிரமமாயிராது. பூஜை முடிந்ததும் அந்தக் குங்குமத்தை ஸ்லைடின் இடுக்குகளிலிருந்து துடைத்துவிட வேண்டும் என்பதையும் யாராவது சொல்லிவைத்தால் நல்லது.

காந்தியடிகளின் தேசத்தில் பத்திரிகையில் துப்பாக்கியைப்பற்றி இவ்வளவு எழுதுவதா என்று சில நேயர்கள் ஆட்சேபிக்கலாம். லிட்டன் பிரபுவின் காலத்தில், 1878-இல், வெள்ளையருக்கு விலக்களித்து இந்தியரின் கையை மட்டும் கட்டிய ஆயுதச் சட்டத்தை அடிகள் 1918-இல் வெளியிட்ட துண்டுப் பிரசுரத்தில் கடுமையாகக் கண்டித்தார் என்பதை அவர்கள் நினைவுகூர வேண்டுகிறோம். ஒழுங்குக்குட்பட்டு ஆயுதம் வைத்திருக்கும் உரிமையை 1931-ஆம் வருஷத்துக் கராச்சி காங்கிரஸின் தீர்மானம் ஜனங்களுக்கு வாக்களித்தது. அரசியல் நிர்ணய சபையில் 1948-ஆம் வருஷம் டிசம்பர் மாதம் காமத் அவ்வுரிமையை அடிப்படை உரிமைகளில் சேர்க்க வேண்டுமென்று வாதாடியபோது டாக்டர் அம்பேத்கர் அதை ஏற்கவில்லை. சபையின் முடிவு சரியென்றே நாம் கருதுகிறோம். துப்பாக்கிகள் பெருகவேண்டுமென்பது நமது கட்சியன்று. 2019-ஆம் வருஷத்துத் திருத்தச் சட்டம் ஒருவர் வைத்திருக்கக்கூடிய துப்பாக்கிகளை மூன்றிலிருந்து இரண்டாகக் குறைத்ததையும், கலியாண ஊர்வலங்களில் வேடிக்கைக்காகச் சுடுவோருக்கு 2 வருஷம் வரை சிறைவாசமோ 1 லட்ச ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதித்ததையும் வரவேற்றே எழுதுகிறோம். ஆனால் இருக்கும் துப்பாக்கி இருக்கும் வீட்டில் குழந்தைகளும் இருக்கிறார்கள். 9 மில்லிமீட்டர் குண்டு விநாடிக்கு ஏறத்தாழ 350 மீட்டர் வேகத்தில் செல்வது. மரக்கதவு அதற்கு ஒரு தடையன்று. அடுக்குமாடி வீட்டில் ஒருவருடைய அஜாக்கிரதைக்கு அடுத்த வீட்டார் விலை கொடுக்க நேரிடும்.

சட்டம் இவ்விஷயத்தில் முற்றிலும் உறங்கவில்லை. 2016-ஆம் வருஷத்து ஆயுத விதிகள், லைஸென்ஸ் கேட்பவர் பாதுகாப்புப் பயிற்சி பெற்றதற்குச் சான்றும், பத்திரமாக வைப்பதாக வாக்குறுதியும் தரவேண்டுமென்று ஏற்படுத்தின. இது நல்ல விதி. இதில் நாம் காணும் குறைகள் இரண்டு. ஒருமுறை பெற்ற சான்று ஒருவருடைய ஆயுள் முழுவதற்கும் போதுமென்று கருதப்படுகிறது. 2019-ஆம் வருஷத்துத் திருத்தம் லைஸென்ஸின் காலத்தை 3 வருஷத்திலிருந்து 5 வருஷமாக நீட்டியது. ஐந்து வருஷத்துக்கொருமுறை புதுப்பிக்க வருபவரைப் பணம் கட்டச் சொல்வதோடு நில்லாமல், காலித் துப்பாக்கியைக் கையில் கொடுத்து, "இறக்கிக் காட்டும், கழற்றிக் காட்டும், பூட்டிக் காட்டும்" என்று ஓர் அதிகாரி கேட்கட்டும். பத்து நிமிஷ வேலை. காட்டத் தெரியாதவர் கற்றுக்கொண்டு வரட்டும்.

மற்றக் குறை இதைவிடப் பெரியது. கடமையின் நிமித்தம் ஆயுதம் தாங்கும் சர்க்கார் ஊழியருக்கு ஆயுதச் சட்டத்தின் 45-ஆவது பிரிவு விலக்களிக்கிறது. லைஸென்ஸ் வேண்டாமென்பது நியாயமே. ஆனால், லைஸென்ஸ்தாரரிடம் கேட்கும் சான்றைக் காவல் நிலையத்து ரைட்டரிடமும், பிரமுகர்களுக்குப் பாதுகாப்பாகச் செல்லும் கான்ஸ்டேபிளிடமும் சட்டம் கேட்கவில்லை. சேர்ந்த புதிதில் பயிற்சிப் பள்ளியில் கற்றது இருக்கும். அதன்பின் வருஷக்கணக்காகப் பந்தோபஸ்துக்கும் கோர்ட்டுக்கும் அலைபவருக்கு எத்தனை முறை அதை நினைவூட்டினார்கள்? டூட்டி மாறும் வேளையில், களைத்த ஒருவர் களைத்த இன்னொருவரிடம் தோட்டா ஏற்றிய ஆயுதத்தைக் கைமாற்றுகிறார். விபத்துக்கு இதைவிட வசதியான நேரம் வேறில்லை. அஜாக்கிரதையால் மரணம் விளைவித்தவருக்கு 2024-ஆம் வருஷம் ஜூலை முதல் அமுலிலுள்ள பாரதிய நியாய சங்கிதையின் 106-ஆவது பிரிவு 5 வருஷம் வரை தண்டனை விதிக்கிறது. கான்ஸ்டேபிளைச் சிறைக்கனுப்பச் சட்டம் இருக்கிறது; அவருக்குக் கற்பிக்க ஏற்பாடு இல்லை.

அமெரிக்காவில் ஜெஃப் கூப்பர் என்னும் முன்னாள் மரைன் படை வீரர் 1976-இல் அரிஸோனாவில் ஒரு பள்ளியை ஸ்தாபித்து, கைத்துப்பாக்கிப் பாதுகாப்பை நான்கு விதிகளில் அடக்கிக் கற்பித்தார். எத்துப்பாக்கியும் தோட்டா ஏற்றப்பட்டதாகவே கருதப்பட வேண்டும். அழிக்க விரும்பாத பொருளை நோக்கிக் குழல் திரும்பலாகாது. குறி பார்க்கும்வரை விரல் விசையைத் தொடலாகாது. குறியும் அதற்கப்பால் உள்ளதும் தெரிந்திருக்க வேண்டும் என்பது அவற்றின் சாரம். ஒரு விதியை மீறினாலும் மற்றவை காப்பாற்றும்படி அவை அமைந்திருக்கின்றன. விசையில் விரல் பட்டாலும் குழல் சுவரை நோக்கியிருந்தால் சேதம் சுவருக்கே. இவற்றைத் தமிழில் பெரிய எழுத்தில் அச்சிட்டு ஒவ்வொரு காவல் நிலையத்திலும், பாங்கிக் காவலர் அறையிலும், துப்பாக்கி விற்கும் கடையிலும் ஒட்டட்டும். ஆயுதம் கொடுத்து வாங்கும் இடத்தில் மணல் நிரப்பிய ஒரு பீப்பாயைச் சாய்த்து நிறுத்தி, தோட்டா இறக்கும்போது குழல் அதற்குள்ளேயே இருக்க வேண்டும் என்று விதிக்கட்டும். பல தேசத்து ராணுவங்களில் இது சாதாரண வழக்கம். பீப்பாயின் விலையும் மணலின் விலையும் ஒரு பெட்டி தோட்டாவின் விலைக்கு மேல் போகாது. இதற்கு மந்திரிசபையின் தீர்மானமும் வேண்டியதில்லை; ஜில்லா போலீஸ் சூப்பிரண்டெண்டின் ஓர் உத்தரவு போதும்.